பத்துப்பாத்திரம்: சமையலறைப் பிம்பங்கள் குறித்துச் சில குறிப்புகள்

1

1994ஆம் ஆண்டு என்று நினைவு. நண்பர்கள் சிலர் சேர்ந்து நடத்திவந்த ஒரு சிற்றிதழுக்குப் பெண்ணியச் சிறப்பிதழ் கொண்டுவருவதென்று முடிவாயிற்று. அதற்கான விவாதம் கும்பகோணத்தில் எங்கள் வீட்டுத் திண்ணையில் நடந்தது. ஏழு பேர் இருந்தோம். ஏழு பேரும் ஆண்கள். ஏங்கெல்ஸ், பெரியார், அல்துஸ்ஸர் என்று பேச்சு போய்க்கொண்டிருந்தது. உழைப்புச் சக்தியின் மறுஉற்பத்தி வீட்டுக்குள் எவ்வாறு நிகழ்கிறது என்பது பற்றி நண்பரொருவர் ஒரு மணி நேரம் பேசினார். நன்றாகவே பேசினார். அந்த மறுஉற்பத்தி அன்றைக்கு எங்களுக்கும் நடந்துகொண்டுதானிருந்தது: மூன்று தடவை காபி, மதியம் சாம்பார், ரசம், வாழைக்காய்க் கறி, மோர். சாயந்திரம் அம்மா நிலைப்படியில் வந்து நின்று, "பொம்பளைங்க விடுதலையைப் பத்தித்தானே பேசுறீங்க? பேசி முடிச்சிட்டீங்கன்னா அந்த டம்ளரையெல்லாம் எடுத்துக் கெணத்தடியில போட்டுருங்கப்பா. பத்துப்பாத்திரம் சேர்ந்து போச்சு, இருட்டிடும்" என்றாள்.

எல்லோரும் சிரித்தோம். கிண்டலாகச் சொன்னாளா, நிஜமாகவே இருட்டுவதற்குள் வேலையை முடிக்க வேண்டுமென்றுதான் சொன்னாளா என்பது இன்றுவரை எனக்குத் தெரியாது. சிறப்பிதழ் வந்தது. அதில் சமையலறையும் கருத்தியலும் பற்றி நானும் ஒரு கட்டுரை எழுதியிருந்தேன். பத்திரிகைகளும் சினிமாவும் விளம்பரங்களும் இல்லத்தரசியை எப்படிக் கட்டமைக்கின்றன என்று அதில் நிறையவே சொல்லியிருந்தேன். கிணற்றடி பற்றி ஒரு வரி இல்லை.

இந்தக் குறிப்புகளை அந்தக் கட்டுரைக்கு நானே எழுதும் மறுப்பு என்று கொள்ளலாம். கடந்த எழுபது எழுபத்தைந்து ஆண்டுகளில் தமிழ் ஊடகங்களில் சமையலறைப் பெண்ணின் பிம்பம் பலமுறை மாற்றி வரையப்பட்டிருக்கிறது. பாத்திரம் மாறியது, அடுப்பு மாறியது, புடவை மாறியது, பக்கத்தில் நிற்கும் ஆணும் மாறியிருக்கிறான். ஆனால் இந்தப் பிம்பங்கள் அனைத்திலும் ஒரு வெட்டு ஒரே இடத்தில் விழுகிறது. சமைக்கிறாள், பரிமாறுகிறாள், வெட்டு, மறுபடி சமைக்கிறாள். நடுவில் அந்தப் பாத்திரங்களுக்கு என்ன ஆயிற்று?

பற்றுப்பாத்திரம் என்ற சொல்தான் பேச்சில் பத்துப்பாத்திரமாகியிருக்கிறது. 'பத்து' என்பது அழுக்கை மட்டும் குறிப்பதில்லை. சோறு பட்டதால் வந்த தீட்டையும் சில வீடுகளில் அது குறிக்கும். ஆக இந்த வெட்டு விழுமிடத்தில் பால் மட்டுமல்லாமல் சாதியும் நிற்கிறது. அதற்குப் பிறகு வருகிறேன்.

2

அச்சிலிருந்து தொடங்குவோம். எஸ். மீனாட்சி அம்மாளின் 'சமைத்துப் பார்' 1951இல் வெளிவந்தது. இளம் வயதிலேயே கணவரை இழந்த ஒரு பெண் எழுதி வெளியிட்ட புத்தகம், தமிழ்ப் பதிப்புலகில் தலைமுறை தாண்டி விற்கும் நூல்களுள் ஒன்றாயிற்று. கல்யாணச் சீரோடு சேர்த்துப் பெண்ணுக்குக் கொடுத்தனுப்பப்பட்டது. வேலை நிமித்தம் பம்பாய்க்கும் டில்லிக்கும் பிறகு அமெரிக்காவுக்கும் போன குடும்பங்களில், மாமியாரும் அம்மாவும் இருந்திருக்க வேண்டிய இடத்தில் அந்தப் புத்தகம் இருந்தது. வாய்மொழியாகவும் கைப்பழக்கமாகவும் பெண்களிடையே புழங்கிய ஒரு அறிவு, அளவுகளாகவும் வரிசை எண்களாகவும் மாறி அச்சேறியது என்பது சாதாரண விஷயமல்ல. கைப்பக்குவம் என்று சொல்லி அறிவாகவே கணக்கில் எடுத்துக்கொள்ளப்படாத ஒன்றுக்கு ஆசிரியர் பெயர் கிடைத்தது. இதைக் குறைத்து மதிப்பிட நான் தயாரில்லை. 1994 கட்டுரையில் அப்படித்தான் மதிப்பிட்டிருந்தேன், அது தவறு.

ஆனால் சமையல் குறிப்பு என்ற இலக்கிய வகையின் இலக்கணத்தைக் கொஞ்சம் பாருங்கள். நான் சொல்வது அந்தப் புத்தகத்தை மட்டுமல்ல, அதற்குப் பின் மாத நாவல்களின் கடைசிப் பக்கத்திலும் பெண்கள் பத்திரிகைகளின் இணைப்புகளிலும் வந்த ஆயிரக்கணக்கான குறிப்புகளை. 'தேவையான பொருட்கள்' என்று தொடங்கும். பிறகு 'செய்முறை'. வினைகளெல்லாம் 'வும்' என்று முடியும்: வதக்கவும், தாளிக்கவும், இறக்கவும். யார் வதக்குவது? எழுவாயே கிடையாது. எழுவாய் தேவையில்லாத அளவுக்கு அது யாரென்று எல்லோருக்கும் தெரியும். கடைசி வாக்கியம் 'சூடாகப் பரிமாறவும்'. அதோடு பிரதி முடிந்துவிடுகிறது. 'கழுவிக் கவிழ்க்கவும்' என்று முடிகிற ஒரு சமையல் குறிப்பை நான் படித்ததில்லை.

இன்னொன்று. தமிழில் வெறுமனே 'சமையல்' என்று அச்சில் போட்டால் அது பெரும்பாலும் சைவச் சமையலாகவே, அதிலும் ஒரு குறிப்பிட்ட சாதியின் அடுக்களையாகவே நெடுங்காலம் இருந்தது. மற்றவற்றுக்கு அடைமொழி வேண்டியிருந்தது: செட்டிநாட்டுச் சமையல், அசைவச் சமையல், கிராமத்துச் சமையல். அடைமொழி இல்லாதது மையம். அடைமொழி உள்ளதெல்லாம் விளிம்பு. சேரிகளின் அடுப்புகளுக்கு அடைமொழிகூடக் கிடைக்கவில்லை.

இதே காலத்தில் இதே பத்திரிகைகளின் வேறு பக்கங்களில் துணுக்குகள் வந்தன. தீபாவளி மலர் பிரித்தால் பல்லை உடைக்கும் மைசூர்பாகு. அடுத்த பக்கத்தில் பூரிக்கட்டையோடு நிற்கும் மனைவி, தலையில் வீக்கத்தோடு கணவன். நாமெல்லாம் படித்துச் சிரித்தவைதான். அம்மா பாத்திரம் தேய்த்துக்கொண்டிருக்கும்போது கிணற்றுக் கட்டையில் உட்கார்ந்து இவற்றை நான் உரக்க வாசித்துக் காட்டியிருக்கிறேன். அம்மாவும் சிரிப்பாள். இந்தத் துணுக்குகளில் வழக்கமாக வரும் ஒரு படம் உண்டு: வேட்டியை மடித்துக் கட்டிக்கொண்டு கணவன் பாத்திரம் கழுவுகிறான், மனைவி நாற்காலியில் உட்கார்ந்திருக்கிறாள். ஆபீஸில் அதிகாரி, வீட்டில் பத்துப்பாத்திரம் என்பதுதான் சிரிப்பு.

ஆக, பாத்திரம் கழுவுவது பிம்பத்துக்குள் வராமலே இல்லை. ஆண் கழுவும்போது வந்திருக்கிறது, தண்டனையாகவும் வேடிக்கையாகவும் வந்திருக்கிறது. பெண் கழுவினால் அதில் வரைய ஒன்றுமில்லை. கிணற்றுக் கட்டையில் உட்கார்ந்திருந்த என் கண்ணெதிரே நடந்துகொண்டிருந்ததை விட்டுவிட்டு, கையிலிருந்த படத்தைப் பார்த்து நான் சிரித்ததற்குக் காரணம் இதுதான்.

3

பிறகு இயந்திரங்கள் வந்தன. குக்கர், மிக்ஸி, கிரைண்டர், எரிவாயு அடுப்பு. பிரஸ்டிஜ் குக்கர் விளம்பரத்தின் மையக் கருத்தை அக்கால வாசகர்கள் மறந்திருக்க மாட்டார்கள்: மனைவி மேல் அன்புள்ள கணவன் இதை வேண்டாமென்று எப்படிச் சொல்வான்? விளம்பரம் பேசுவது கணவனிடம். சமைக்கப்போவது அவள், வாங்கப்போவது அவன், நடுவில் இருக்கும் பொருளின் பெயர் அன்பு. அதே கருத்தைக் கொஞ்சம் திருப்பி, 2013இல் அபிஷேக் பச்சனையும் ஐஸ்வர்யா ராயையும் வைத்து அதே நிறுவனம் மறுபடி விளம்பரம் செய்தது. கல்லூரியில் படித்த, சம்பாதிக்கிற பெண்ணின் காலம் வந்துவிட்ட பிறகும் அந்தச் சூத்திரம் செத்துப்போகவில்லை.

1983இல் மேகி நூடுல்ஸ் இந்தியச் சந்தைக்கு வந்தது. இதில் கணவன் இல்லை. பசியோடு ஓடிவரும் குழந்தைகள், இரண்டே நிமிஷம் என்று சொல்லும் அம்மா. சமையலறைப் பிம்பத்துக்குள் கடிகாரம் நுழைந்தது அப்போதுதான் என்று தோன்றுகிறது. அதற்கு முந்தைய நல்ல மனைவி நேரம் பார்க்காமல் உழைத்தவள். புதிய அம்மா நேரத்தை வென்றவள். ஆனால் அந்த இரண்டு நிமிஷம் எங்கே முடிகிறது? தட்டு மேஜைக்கு வந்ததும் முடிந்துவிடுகிறது. மாவு ஒட்டிய பாத்திரத்தை ஊறவைத்துத் தேய்க்கும் நேரம் அந்தக் கடிகாரத்தில் ஓடுவதில்லை.

அமெரிக்க வரலாற்றாளர் ரூத் ஷ்வார்ட்ஸ் கோவன் 1983இல் எழுதிய 'அம்மாவுக்குக் கூடுதல் வேலை' என்ற நூல் இங்கே உதவும். வீட்டு இயந்திரங்கள் வந்த பிறகு அமெரிக்கப் பெண்களின் வேலை நேரம் ஏன் எதிர்பார்த்தபடி குறையவில்லை என்று அவர் கேட்கிறார். விறகு பிளப்பது போன்று ஆண்களும் பிள்ளைகளும் செய்துவந்த வேலைகளை இயந்திரம் எடுத்துக்கொண்டது. பெண்ணின் வேலைகள் அவளிடமே தங்கின. அதோடு சுத்தம், ருசி, வகை பற்றிய எதிர்பார்ப்புகளும் உயர்ந்தன என்பது அவர் வாதம்.

இதை நிரூபிக்க எனக்கு அமெரிக்கா தேவைப்படவில்லை. எங்கள் வீட்டில் ஆட்டுக்கல் இருந்தவரை இட்லி தீபாவளிக்கும் பொங்கலுக்கும் விருந்தாளி வந்தாலும்தான். கிரைண்டர் வந்தபிறகு அது தினசரிப் பலகாரமாயிற்று. "அரைக்கிறதுதான் மிச்சம், மத்ததெல்லாம் டபுள்" என்பாள் அம்மா. கிரைண்டர் கல்லைத் தூக்கிக் கழுவுவதைப் பற்றி எந்த விளம்பரம் சொல்லிற்று? ஆட்டுக்கல்லைத் தண்ணீர் ஊற்றித் துடைத்து விட்டால் போதும். கிரைண்டரையோ உள்கல், தொட்டி, பட்டை என்று தனித்தனியாகக் கழற்றிக் கழுவி மாட்ட வேண்டும்.

ஒரு நண்பர் இதைப் படித்துவிட்டுக் கேட்டார்: விம், சபீனா விளம்பரங்களெல்லாம் பாத்திரம் கழுவுவதைக் காட்டவில்லையா? நியாயமான கேள்வி. காட்டின. ஆனால் அவற்றில் காட்டப்படுவது பளபளப்பு. ஒரு தேய், எண்ணெய்ப் பிசுக்கு போய்விடும். தட்டில் அவள் முகம் தெரியும். பக்கத்து வீட்டுக்காரியோ மாமியாரோ தோற்றுப்போவார்கள். பிரெஞ்சுப் பத்திரிகை ஒன்றின் சமையல் பக்கத்து வண்ணப் படங்களைப் பற்றி ரோலான் பார்த் 1957இல் 'தொன்மங்கள்' நூலில் எழுதியிருக்கிறார். மேலே பூசப்பட்ட மினுமினுப்பின் அடியில் பண்டத்தின் இயல்பு மறைக்கப்படுகிறது, அது வாயால் அல்லாமல் கண்ணால் உண்ணும் சமையல் என்கிறார். பார்த் பார்த்த மினுமினுப்பு சோற்றின் மேல்; நம் விளம்பரங்களில் அது கழுவிய பாத்திரத்தின் மேல். இரண்டிலும் மறைவது வேலைதான்.

2022 டிசம்பரில் ஒரு விசித்திரம் நடந்தது. 'விம் பிளாக்' என்று கறுப்புப் புட்டியில், ஆண்களுக்கென்று பாத்திரம் கழுவும் திரவம் ஒன்றை மிலிந்த் சோமனை வைத்து விளம்பரப்படுத்தினார்கள். உடற்பயிற்சிக் கூடத்தில் ஒருத்தன் வீட்டில் பாத்திரம் கழுவியதைப் பெருமையடிக்க, அதைக் கேலி செய்வது போன்ற விளம்பரம். எதிர்ப்புக் கிளம்பியதும், புட்டிதான் வேடிக்கை, சொல்லவந்த செய்தி நிஜம் என்று நிறுவனம் விளக்கம் சொன்னது. நோக்கம் நல்லதாகவே இருக்கட்டும். பழைய தீபாவளி மலர்த் துணுக்கின் படம் அப்படியே திரும்பி வந்திருக்கிறதா இல்லையா? பத்துப்பாத்திரம் பேசப்பட வேண்டுமானால் இன்னமும் ஓர் ஆண் வந்து கழுவ வேண்டியிருக்கிறது.

4

திரைக்கு வருவோம். தமிழ் சினிமாவில் அடுக்களை பெரும்பாலும் ஒரு வாசற்படியாகவே இருந்திருக்கிறது: மனைவி அங்கிருந்து கையைத் துடைத்துக்கொண்டு வெளியே வருவாள், அல்லது அழுதுகொண்டு உள்ளே போவாள். உள்ளே என்ன நடக்கிறது என்பது கதைக்குத் தேவையற்றது. தொழிலாகச் சமைப்பவன் என்று வந்துவிட்டால் அவன் ஆண். 'மைக்கேல் மதன காமராஜன்' (1990) காமேஸ்வரனை நினைத்துக்கொள்ளுங்கள். கல்யாணப் பந்தியில், ஓட்டலில், கோயில் மடப்பள்ளியில் காசும் பேரும் கிடைக்குமிடத்திலெல்லாம் கரண்டி ஆண் கையில் என்பது சினிமா கண்டுபிடித்ததல்ல, சமூகத்தின் ஏற்பாடு. சினிமா அதைக் கேள்வியில்லாமல் படமெடுத்தது.

1993 ஏப்ரலில் சன் தொலைக்காட்சி வந்தது. 'சித்தி' (1999) தொடங்கி நெடுந்தொடர்கள் வீட்டுக்குள் குடியேறின. இங்கே சமையலறைக்கு ஒரு புது உபயோகம் கிடைத்தது: சதி செய்யுமிடம், ஒட்டுக் கேட்குமிடம், பாலில் எதையாவது கலக்குமிடம். பட்டுப்புடவையும் நகையுமாக, வியர்வையில்லாமல் அடுப்படியில் நிற்கும் பெண்களை வீட்டில் வியர்வையோடு அடுப்படியில் நிற்கும் பெண்கள் பார்த்தார்கள். அப்பெண்களை ஏமாளிகள் என்று எழுதுவது நம் சிற்றிதழ்களின் வழக்கமாக இருந்தது. எனக்கும் அந்த வழக்கம் உண்டு. தொடர் ஓடும் அரைமணி நேரம் அம்மா கால்நீட்டி உட்கார்ந்தாள் என்பதை நான் கவனிக்கத் தவறினேன். "கதையை யாரு பாக்குறா, உக்காந்தா போதும்னு இருக்கு" என்று ஒருமுறை சொன்னாள். நுகர்வுக் கலாச்சாரம் பற்றிய என் குறிப்பேட்டில் அந்த வாக்கியம் ஏறவில்லை.

சமையல் நிகழ்ச்சிகளிலும் ஒரு மாற்றம் நடந்தது. முதலில் அக்கம்பக்கத்து மாமி போன்ற பெண்கள் சொல்லிக்கொடுத்தார்கள். சிறிது சிறிதாக வெள்ளைக் கோட்டும் தொப்பியுமாக நட்சத்திர விடுதிச் சமையற்கலைஞர்கள் வந்தார்கள். 2019இல் விஜய் தொலைக்காட்சியில் தொடங்கிய 'குக் வித் கோமாளி'யின் முதல் ஆண்டுகளில் நடுவர்கள் இருவருமே ஆண்கள். அந்நிகழ்ச்சியை நான் ரசித்தே பார்த்தேன். சமையலைக் கடமையிலிருந்து விளையாட்டாக்கிய ஒரு உற்சாகம் அதிலிருந்தது. ஆனாலும், தினமும் சமைப்பவள் பெண், சமைத்தது சரியா என்று சொல்பவன் ஆண் என்ற வீட்டுச் சாப்பாட்டு மேஜையின் ஏற்பாடு அரங்கத்தில் கௌரவமான வடிவம் பெற்றது என்றும் வாசிக்கலாம்.

2018இல் புதுக்கோட்டை மாவட்டம் சின்ன வீரமங்கலத்திலிருந்து 'வில்லேஜ் குக்கிங் சேனல்' யூடியூபில் தொடங்கியது. தாத்தாவும் பேரன்களுமாக ஆண்கள், வயல்வெளியில், பெரிய பெரிய அண்டாக்களில் சமைக்கிறார்கள். 2021இல் ஒரு கோடி சந்தாதாரர்களைத் தொட்ட முதல் தமிழ் அலைவரிசை அதுதான். சமைத்ததை முதியவர்களுக்குப் பரிமாறுகிறார்கள். அதில் ஒரு நேர்மையும் கம்பீரமும் உண்டு. சுவரில்லாத, பெண்ணில்லாத சமையலறை. அம்மா இதை விரும்பிப் பார்ப்பாள். பார்த்துவிட்டு அவள் கேட்கும் ஒரே கேள்வி: "அந்த அண்டாவை யாருடா கழுவுவா?"

5

கேமரா வெட்டாமல் நின்ற சில தருணங்களும் உண்டு. எழுத்திலிருந்து சொல்வதானால் முதலில் அம்பையின் 'வீட்டின் மூலையில் ஒரு சமையலறை'. 1988இல் அத்தலைப்பிலேயே தொகுப்பு வந்தது. கதை நடப்பது அஜ்மீரில், ஒரு பெரிய கூட்டுக் குடும்பத்தில். தெற்கிலிருந்து போன மருமகள் அந்தச் சமையலறையைப் பார்க்கிறாள்: ஒரு தட்டைக்கூட வைக்க இடமில்லாத தொட்டி, கீழே சரியான சாக்கடைப் போக்கில்லாததால் கழுவுபவளின் காலடியில் தேங்கும் தண்ணீர், ஜன்னலுக்கு வெளியே மலை. தொட்டியைப் பெரிதாக்கி, முன்னால் தாழ்வாரம் எடுத்தால் மலையைப் பார்க்கலாமே என்று மாமனாரிடம் கேட்கிறாள். நடப்பது வேறு, அந்த ஜன்னலுக்கு வெளியே துணி உலர்த்தக் கொடிகள் கட்டப்படுகின்றன. 1994இல் இக்கதையை நான் 'வெளி' பற்றிய கதையாக, மலையும் ஜன்னலுமாக மட்டும் வாசித்தேன். காலடியில் தேங்கிய தண்ணீரை அம்பை எவ்வளவு கவனமாக எழுதியிருக்கிறார் என்பது பிற்பாடுதான் தெரிந்தது.

ஷந்தால் அக்கர்மான் 1975இல் எடுத்த 'ழான் தீல்மான்' பற்றி நம்மில் சிலருக்குத் தெரிந்திருக்கும். பிரஸ்ஸல்ஸ் நகரத்து விதவை ஒருத்தியின் மூன்று நாட்கள்; மூன்று மணி நேரத்துக்கும் மேலாக ஓடும் படம். உருளைக்கிழங்கு உரிக்கிறாள், உரித்து முடிக்கும்வரை கேமரா நிற்கிறது. பாத்திரம் கழுவுகிறாள், முதுகைக் காட்டிக்கொண்டு; அப்போதும் நிற்கிறது. 2022இல் 'சைட் அண்ட் சவுண்ட்' இதழின் விமர்சகர் வாக்கெடுப்பில் உலகின் மிகச்சிறந்த படமாக அது முதலிடம் பெற்றது. கலைப்பட வட்டத்தின் பெருமை என்று ஒதுக்கிவிடலாம். ஆனால் இதற்கு முந்தைய ஆண்டில்தான் பக்கத்து மாநிலத்தில் அந்த நிற்கும் கேமரா வெகுஜனங்களுக்கு வந்துசேர்ந்திருந்தது.

2021 ஜனவரியில் ஜியோ பேபியின் 'தி கிரேட் இந்தியன் கிச்சன்' மலையாளத்தில் வெளிவந்தது. 2023இல் தமிழில் ஆர். கண்ணன் மறுஆக்கம் செய்தார். மலையாளப் படத்தைப் பற்றியே பேசுகிறேன். அதில் சமையல் அழகாகத்தான் தொடங்குகிறது, விளம்பரப் படம் போல. கொஞ்ச நேரத்தில் கேமரா சாப்பாடு முடிந்த மேஜைக்குப் போகிறது. மென்று துப்பிய முருங்கைச் சக்கை, சிந்திய சோறு. ஆண்கள் எழுந்து போய்விட்டார்கள், பெண்கள் அதே மேஜையில் அதே எச்சிலுக்கு நடுவில் உட்கார்ந்து சாப்பிட வேண்டும். பிறகு கழுவும் தொட்டி. குழாய் ஒழுகுகிறது, பிளம்பரைக் கூப்பிடச் சொல்கிறாள், மறந்துவிட்டேன் என்கிறான் கணவன். அழுக்குத் தண்ணீர் வாளியில் சொட்டிக்கொண்டே இருக்கிறது. படம் முடியும்போது அந்தத் தண்ணீரைத்தான் அவள் ஆண்கள் மேல் விசிறிவிட்டுப் போகிறாள். 'பரிமாறவும்' என்ற வினைக்குப் பின்னால் இருந்ததை ஒரு வெகுஜனப் படம் இவ்வளவு நேரம் காட்டியது எனக்குத் தெரிந்து இங்கே அதுவரை இல்லை. அவள் போன பிறகு அதே வீட்டில் அதே ஆணின் தம்ளரை எடுத்துக் கழுவ இன்னொரு பெண் வந்திருக்கிறாள் என்றும் அது காட்டிவிடுகிறது.

படத்தில் என்னை உறுத்தியது வேறொன்று. மாதவிடாயின்போது மருமகள் அறையில் ஒதுக்கப்படும் நாட்களில் வேலைக்கு வரும் பெண், தனக்கு அந்த விலக்கெல்லாம் கட்டுப்படியாகாது என்கிறாள். எனக்குக் கிணற்றடி ஞாபகம் வந்தது. நாங்கள் சின்னப் பிள்ளைகளாக இருந்தபோது எங்கள் வீட்டுக்கும் ஒரு அம்மா பாத்திரம் தேய்க்க வருவார். கொல்லைப்புற வழியாகத்தான் வருவார். சாம்பலும் தேங்காய் நாருமாகத் தேய்த்து, கழுவி, துவைக்கிற கல்லின் மேல் கவிழ்த்து வைத்துவிட்டுப் போவார். அப்பாயி ஒரு சொம்புத் தண்ணீரை அந்தப் பாத்திரங்கள் மேல் தெளித்த பிறகே அவை உள்ளே வரும். சோற்றுப் பத்தைக் கழுவியவரின் கை பட்டதைக் கழுவ இன்னொரு தண்ணீர். அவர் வராத நாளில் அதே கல்லில் அம்மா உட்காருவாள். அன்றைக்குத் தண்ணீர் தெளிப்பதில்லை. அவருடைய பெயரை இங்கே எழுதலாமென்று யோசித்தேன். நினைவில்லை. அம்மாவிடம் கேட்டேன், உடனே சொன்னாள். அவர் பிள்ளைகள் எத்தனை பேர், எந்த வருஷம் வருவதை நிறுத்தினார் என்பது வரை சொன்னாள்.

நம் பெண்ணிய விவாதங்களில் 'சமையலறை' என்ற குறியீடு ஓங்கி ஒலித்ததற்கும் 'கிணற்றடி' ஒலிக்காததற்கும் காரணம் இதுதானோ என்று இப்போது தோன்றுகிறது. அடுக்களைக்குள் சிறைப்பட்ட பெண்ணைப் பற்றி அந்த வீட்டுப் பிள்ளைகள் எழுதினோம். அடுக்களைக்குள் நுழையவே விடப்படாத பெண் எங்கள் பிரதிகளில் இல்லை.

6

எண்ணிக்கைக்கும் பிம்பத்துக்கும் தொடர்புண்டு. மக்கள்தொகைக் கணக்கெடுப்பில் வீட்டு வேலை மட்டும் செய்யும் பெண் 'வேலை செய்யாதவர்'. 2001 கணக்கெடுப்பு இல்லத்தரசிகளைப் பிச்சைக்காரர்கள், பாலியல் தொழிலாளர்கள், சிறைக் கைதிகள் ஆகியோரோடு ஒரே வகையில் சேர்த்திருந்ததை 2010இல் உச்ச நீதிமன்றமே ஒரு விபத்து இழப்பீட்டு வழக்கில் கண்டித்தது. 2019இல் மத்திய அரசு எடுத்த நேரப் பயன்பாட்டு ஆய்வின்படி, ஊதியமில்லா வீட்டு வேலையில் ஈடுபடும் பெண்கள் அதற்கு ஒரு நாளில் செலவிட்டது சராசரியாக 299 நிமிஷம். ஈடுபடும் ஆண்கள் 97 நிமிஷம். 2024 ஆய்வில் இது 289, 88. பெண்களுக்குப் பத்து நிமிஷம் குறைந்திருக்கிறது. ஆண்களும் ஒன்பது நிமிஷம் குறைத்துக்கொண்டார்கள்.

தமிழக அரசு 2006இல் வண்ணத் தொலைக்காட்சியை இலவசமாகக் கொடுக்கத் தொடங்கியது. 2011 செப்டம்பர் 15இல் மிக்ஸி, கிரைண்டர், மின்விசிறித் திட்டம் தொடங்கியது. முதலில் பிம்பம் வந்தது, ஐந்து வருஷம் கழித்து அந்தப் பிம்பத்துக்குள் இருந்த சாமான் வந்தது. இவற்றை இலவசம் என்று இளக்காரமாகப் பேசியவர்களில் பலர் ஒருநாளும் அம்மியில் மிளகாய் அரைத்தவர்கள் இல்லை. 2023 ஜூனில் சென்னை உயர் நீதிமன்றம், கணவன் சம்பாத்தியத்தில் வாங்கிய சொத்தில் வீட்டு வேலை செய்த மனைவிக்கும் சம பங்குண்டு என்று ஒரு வழக்கில் தீர்ப்பளித்தது. அதே ஆண்டு செப்டம்பர் 15இல் கலைஞர் மகளிர் உரிமைத் தொகை மாதம் 1000 ரூபாயாகத் தொடங்கிற்று. 'உதவி' என்று சொல்லாமல் 'உரிமை' என்று சொன்னதில் ஒரு வரலாறு இருக்கிறது. வீட்டுவேலைக்குக் கூலி கேட்பது அந்த வேலையைத் தன் இயல்பு என்று ஏற்க மறுப்பதன் முதல்படி என 1975இல் சில்வியா ஃபெதரிச்சி எழுதினார். 1000 ரூபாய் அந்த மறுப்பா? இல்லை. ஆனால் வேலை என்று ஒன்று நடக்கிறது என்பதை அரசுக் கணக்கு ஒத்துக்கொண்டிருக்கிறது.

பணத்தைக் காட்டிலும் கடினமானது பிம்பம் என்று நினைக்கிறேன். இன்றைய விளம்பரங்களில் கணவன் காபி போடுகிறான், தோசை வார்க்கிறான், மனைவி மடிக்கணினியோடு உட்கார்ந்திருக்கிறாள். வரவேற்கலாம். இருந்தும், ஆண் சமையலறைக்குள் வந்து எடுத்துக்கொண்டிருப்பது அங்குள்ள வேலைகளில் பாராட்டுக் கிடைக்கிற பகுதியை. ஞாயிற்றுக்கிழமை பிரியாணி செய்கிற நண்பர்கள் எனக்கு நிறையப் பேர் உண்டு. திங்கட்கிழமை காலை அந்தச் சட்டி எங்கே இருந்தது என்று அவர்களிடம் கேட்டால், ஊறிக்கொண்டிருந்தது என்பார்கள்.

போன மாதம் அதே திண்ணையில் மறுபடி ஒரு கூட்டம். 1994இன் ஏழு பேரில் நான்கு பேர் வந்திருந்தோம். புதிதாக இரண்டு இளம்பெண்களும் வந்திருந்தார்கள். அம்மாவுக்கு எண்பது தாண்டிவிட்டது, முழங்கால் வலி, அதிகம் நிற்க முடியாது. காபி கடையிலிருந்து வாங்கி வந்தோம். டம்ளர் மட்டும் வீட்டு டம்ளர். கிணறு எப்போதோ மூடப்பட்டுவிட்டது. பேச்சு முடிந்ததும் டம்ளர்களை எடுத்துக்கொண்டுபோய்ச் சமையலறைத் தொட்டியில் போட்டு, யாரும் சொல்லாமலே நான் கழுவிக் கவிழ்த்தேன். அதைப் பற்றி எனக்குக் கொஞ்சம் பெருமைகூட இருந்தது என்பதை ஒளிப்பதற்கில்லை.

ராத்திரி தண்ணீர் குடிக்கப் போனபோது தொட்டியருகே விளக்கெரிந்தது. ஒரு கையால் மேடையைப் பிடித்துக்கொண்டு அம்மா நின்றுகொண்டிருந்தாள். ஒவ்வொரு டம்ளராக எடுத்து, விளிம்பில் விரலால் தடவிப் பார்த்து, மறுபடி கழுவிக்கொண்டிருந்தாள்.

"நான்தான் கழுவிட்டேனேம்மா."

"கழுவின, கழுவின. அடியில காபி அப்படியே இருக்கு" என்றாள், திரும்பிப் பார்க்காமல்.